ஈரத்துணியின் குளியலறை

கொல்கத்தா நகரத்தில் உள்ள அத்தனை பேரையும், ஒருவர் பாக்கி இல்லாமல், ஒரே நேரத்தில் சந்தேகப்பட்டுக்கொண்டிருந்த மனிதர் ஒருவரை எனக்குத் தெரியும். பால்காரர், தபால்காரர், பூசாரி, பூசாரியின் சைக்கிள் என்று அவர் எதையும் விட்டுவைத்ததில்லை. வானிலை அறிக்கையைக்கூட, 'இதுல இவனுக்கு என்ன லாபம்?' என்கிற முகத்தோடுதான் கேட்பார்.

பெஹாலாவில் எங்கள் நான்கு மாடிக் குடியிருப்பின் கீழ்த்தளத்தில் அவர் குடியிருந்தார். கதவில் பெயர்ப்பலகை கிடையாது. அது இருந்த இடத்தில் நான்கு திருகாணி ஓட்டைகள் மட்டும் இருந்தன. "போறவன் வாறவனுக்கெல்லாம் எம்பேரு என்னத்துக்குவே?" என்று கழற்றிவிட்டாராம். அதனால் வங்காளிகள் அவரை 'பேஜா காம்சா' என்றார்கள். ஈரத்துண்டு என்று அர்த்தம். எந்நேரமும் நனைந்த துண்டு ஒன்று தோளில் சொட்டிக்கொண்டிருக்கும். குடியிருப்பில் இருந்த ஒரே தமிழ்க் குடும்பமான நாங்கள் அதை ஈரத்துணி என்று தமிழாக்கிக்கொண்டோம்.

கார்டன் ரீச்சில் ரயில்வேயில் வேலை பார்த்து ஓய்வு பெற்றவர். பாலங்களையும் மலைச் சுரங்கப் பாதைகளையும் சுத்தியலால் தட்டிப் பார்த்து, விரிசல் இருக்கிறதா என்று சொல்லும் வேலை. "முப்பத்தி நாலு வருசம் பாலத்தச் சந்தேகப்பட்டுச் சம்பளம் வாங்குனவன்வே நான்" என்பார். மனைவி ரயில்வே குவார்ட்டர்ஸில் இருக்கும்போதே இறந்துவிட்டார். ஒரே மகள் எங்கோ மலைப்பக்கம் இருக்கிறாள் என்று மட்டும் தெரியும். எந்த மலை என்று கேட்டவரிடம், "ஏன், ஏறப் போறீரோ?" என்றார்.

நாங்கள் இரண்டாவது மாடிக்குக் குடிவந்த முதல் வாரம், படிக்கட்டில் என்னை நிறுத்தினார்.

"திருநெல்வேலியா?"

"இல்ல சார், திருச்சி. ஆனா பொறந்ததே இங்கதான்."

"எங்க வேல?"

"அலிப்பூர்ல, கவர்மென்ட் ஆபீஸ்."

"உம்ம செருப்பு ஏன் சத்தமே போட மாட்டேங்கு?"

"ரப்பர் சார்" என்றேன்.

"நல்ல மனுசன் சத்தம் போட்டு நடப்பான்" என்று சொல்லிவிட்டுக் கதவைச் சாத்திக்கொண்டார். உள்ளே மூன்று தாழ்ப்பாள்கள் ஒன்றன்பின் ஒன்றாக விழுந்த சத்தம் கேட்டது.

அவர் மட்டும் எங்களைச் சந்தேகப்பட்டிருந்தால் பரவாயில்லை. குடியிருப்பு முழுவதும் அவரைத் திருப்பிச் சந்தேகப்பட்டது. அதற்குக் காரணங்கள் இருந்தன.

முதல் காரணம் மொட்டை மாடி. மழைக்காலத்தில் அங்கே பதினான்கு வாளிகளை வரிசையாக வைத்து மழைத்தண்ணீர் பிடிப்பார். ஒவ்வொன்றிலும் தண்ணீர் மட்டத்துக்கு சாக்பீஸால் கோடு. கோடு ஒரு விரல் இறங்கியிருந்தால் நான்கு மாடியிலும் அழைப்பு மணி அடித்து விசாரணை. குழாய்த் தண்ணீர் இருபத்து நாலு மணி நேரமும் வரும் வீட்டில் ஒரு மனிதருக்கு இவ்வளவு மழைத்தண்ணீர் எதற்கு?

இரண்டாவது காரணம் குளியல். வீட்டுக்குள் குளியலறை இருந்தும், விடிந்ததும் வெளியே பம்ப் ரூம் குழாயடியில்தான் குளிப்பார். கழிப்பறை தனியாக இருந்ததால் அந்தக் கஷ்டம் மட்டும் இல்லை. குளியலறைச் சன்னலில் எப்போதும் ஈரச் சாக்கு தொங்கும். உள்ளே மின்விசிறி ஓடும் சத்தம் கேட்கும். ஆளில்லாத குளியலறையில் விசிறி யாருக்கு?

மூன்றாவது காரணம்தான் உச்சம். கோடைக்காலத்தில் தினமும் மீன் மார்க்கெட்டுக்குப் போய் ஐஸ் மட்டும் வாங்கிக்கொண்டு வருவார். மீன் கிடையாது. வங்காளத்தில் ஒருவன் மீன் மார்க்கெட்டுக்குப் போய் மீன் இல்லாமல் ஐஸோடு திரும்பினால், அதைவிடப் பெரிய குற்ற அறிகுறி எதுவும் கிடையாது.

குடியிருப்பின் செயலாளர் பொல்டு-தா இதையெல்லாம் ஒரு நோட்டில் எழுதி வைத்திருந்தார். ஐம்பத்தைந்து வயது, உருண்டையான உடம்பு, துப்பறியும் கதை என்றால் உயிர். ஆனால் பெஹாலாவில் அவருக்கு ஒரு குற்றம்கூட அமையவில்லை. லிஃப்டில் யார் வெற்றிலை துப்பினார்கள் என்பதுதான் அதுவரை அவர் கையாண்டதில் பெரிய வழக்கு. ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை கார் நிறுத்தும் இடத்தில் நாற்காலி போட்டு அவசரக் கூட்டம் கூட்டினார். அவர் வங்காள மொழியில் பேசியதை நம் தமிழில் சொல்கிறேன்; 'தாதா' என்பதற்கு மட்டும் அங்கே அண்ணன் என்று அர்த்தம், பொல்டு-தாவின் 'தா'வும் அதுதான்.

"தாதா, யோசிச்சுப் பாருங்க. பொண்டாட்டியை யாருமே பார்த்ததில்லை. பாத்ரூம் பூட்டியே இருக்கு. தினமும் ஐஸ். நான் வேற எதுவும் சொல்லலை."

சொல்லவே வேண்டியிருக்கவில்லை. மூன்றாம் மாடி அம்மாள் "ஷொர்போநாஷ்!" என்று வாயைப் பொத்திக்கொண்டார். 'குடி கெட்டது' என்று நாம் அலறுவோமே, அதுதான்.

"அவங்க செத்து எட்டு வருஷமாச்சு, குவார்ட்டர்ஸ்ல எல்லாருக்கும் தெரியும்" என்றேன் நான்.

"செத்தாங்கதான். அதை நான் மறுக்கவே இல்லையே" என்றார் பொல்டு-தா, ஜெயித்த முகத்தோடு.

கடைசியில், ஒரே மொழிக்காரன் என்கிற குற்றத்துக்காக என்னை உளவு பார்க்க அனுப்புவதென்று ஏகமனதாகத் தீர்மானம் ஆயிற்று.

என் மனைவி வசந்தா சுட்டுக் கொடுத்த பருப்பு வடையோடு போனேன். கதவு ஒரு சாண் திறந்தது. தட்டைப் பார்த்தார், என்னைப் பார்த்தார், மறுபடி தட்டைப் பார்த்தார்.

"உள்ள வாரும். மொதல்ல நீரு ஒண்ணு தின்னும்."

தின்றேன். சுவர்க் கடிகாரத்தைப் பார்த்தபடி எனக்கு எதிரே உட்கார்ந்தார். பத்தாவது நிமிடம் நான் உயிரோடுதான் இருக்கிறேன் என்று உறுதியானதும், அவரும் ஒன்றை எடுத்துக் கடித்தார்.

"வட நல்லாருக்கு. எதுக்குக் கொண்டாந்தீரு?"

"சும்மாதான் சார். கொஞ்சம் பாத்ரூம் போயிக்கலாமா?"

"உம்ம வீடு மாடியிலதான இருக்கு?"

"அவசரம் சார்."

"அவசரம்னு தெரிஞ்சு எதுக்குவே வட தின்னீரு?"

என் உளவுப் பணி அதோடு முடிந்தது. ஆனால் படியேறும்போது, அந்தச் சாக்குத் தொங்கும் சன்னல் வழியாக அவர் குரல் கேட்டது. அது எங்களிடம் பேசும் குரல் இல்லை. நனைந்த பஞ்சு மாதிரி இருந்தது.

"பொறு தாயி, இந்தா வந்துட்டேன். மூஞ்சி வாடிப் போச்சே. அந்தப் பய பேசிப் பேசியே நேரத்தப் போக்கிட்டான்."

இரண்டிரண்டு படியாகத் தாவி ஏறினேன். மேலே போய் வசந்தாவிடம் சொன்னேன். "உள்ள யாரோ இருக்காங்க. பொம்பளை."

"பேசினாங்களா?"

"இல்ல. இவர்தான் பேசறார்."

"அப்ப கல்யாணமான வீடு மாதிரி இல்லையே" என்றாள் வசந்தா.

இப்படியே ஒரு வருடம் ஓடியது. அடுத்த மே மாதம், ரோட்டில் தார் இளகிக்கொண்டிருந்த ஒரு முற்பகலில், கீழ்த்தளத்திலிருந்து தடால் என்று ஒரு சத்தமும், அதற்குப் பின்னால் ஓர் அலறலும் கேட்டன. அன்று எனக்கு விடுமுறை. நான் ஓடினேன். எனக்கு முன்னால் பொல்டு-தா கதவில் தோளை வைத்துத் தயாராக நின்றார். இந்த நாளுக்காகவே பிறந்தவர் போல இருந்தது அவர் முகம்.

உள்ளேயிருந்து ஈரத்துணியின் குரல் வந்தது. "கதவ ஒடைக்காதிய! சூடு உள்ள வந்துரும்! நானே வாரேன்!"

குளியலறையில் வழுக்கி விழுந்து இடது கால் ஒடிந்திருந்தது. அந்தக் காலோடு தரையில் தவழ்ந்து வந்து, வரும் வழியில் குளியலறையைப் பூட்டி, சாவியை வாய்க்குள் போட்டுக்கொண்டு, முன் கதவைத் திறந்தார். வலியில் கண்ணீர் வழிந்தது. ஆனாலும் ஒடிந்த காலைப் பார்க்காமல், பொல்டு-தா எந்தப் பக்கம் பார்க்கிறார் என்றே பார்த்துக்கொண்டிருந்தார். ஆம்புலன்ஸில் ஏற்றும்வரை வாயைத் திறக்கவில்லை. ஸ்ட்ரெச்சர்காரர் பெயர் கேட்டதற்குச் சாவியைக் கன்னத்துக்கு ஒதுக்கிக்கொண்டு, "எதுக்கு?" என்றார்.

மறுநாள் ஆஸ்பத்திரியில் பார்க்கப் போனேன். காலில் தகடு வைத்திருந்தார்கள். பன்னிரண்டு நாள் இருக்க வேண்டுமாம். மனிதர் ஒரே நாளில் பாதியாகிவிட்டிருந்தார். என்னைக் கண்டதும் அருகே வரச் சொல்லிச் சைகை காட்டினார்.

"உமக்கு உள்ளங்கை வேர்க்குமா?"

"அவ்வளவா வேர்க்காது சார்."

"மூஞ்சில செண்டு கிண்டு பூசுவீரா?"

"இல்ல."

"பாத்ததை நாலு பேருகிட்ட சொல்லாம இருக்க முடியுமா?"

யோசித்துவிட்டு, "கஷ்டம்தான். முயற்சி பண்றேன்" என்றேன்.

அந்தப் பதில் அவருக்குப் பிடித்திருக்க வேண்டும். முடியும் என்று உடனே சொல்லியிருந்தால் நம்பியிருக்க மாட்டார். இரண்டு பக்கமும் பார்த்துவிட்டுச் சொன்னார்.

"அது ஒரு செடி."

செடியா என்றேன்.

"பெரணி ஜாதி. ரொம்ப அபூர்வம். மலையில, வெயிலே படாத இடத்துல, தண்ணி கசியுத பாறையில மட்டுந்தான் இருக்கும். இலை எம்புட்டுக் கனம்னு நெனைக்கீரு? நம்ம கண்ணுக்கு மேல இருக்குல்லா தோலு, அதுல பாதி கிடையாது. அர நாளு காத்து காஞ்சாப் போதும், சுருண்டுரும்."

அவர் சோதிக்கப் போயிருந்த ஒரு சுரங்கப் பாதையின் வாயில், கசியும் பாறை இடுக்கில் அதை முதலில் பார்த்தாராம். எந்தப் பாதை, எந்த மலை, செடிக்கு என்ன பெயர் என்று என்னிடம் கடைசிவரை சொல்லவில்லை. சில வருடங்கள் கழித்து இரண்டாவது தண்டவாளம் போடுவதற்காக அந்தப் பாறையை வெடி வைத்துத் தகர்க்கத் தீர்மானமாயிற்று. வெடி வைப்பதற்கு முந்தைய நாள், தன் சுத்தியலாலேயே இரண்டு கற்களைச் செடியோடு பெயர்த்து, ஈரச் சாக்கில் சுற்றி, ரயிலில் மடியில் வைத்துக்கொண்டு வந்திருக்கிறார்.

"இப்ப அந்தப் பாறையே கெடையாது. போயிப் பாத்தேன். பட்டப்பகல் வெயிலு அடிக்கு."

"ரெண்டு கல்லுன்னீங்களே சார்?"

போர்வையை இழுத்து விட்டுக்கொண்டார். "படிச்சவரு ஒருத்தரு வந்தாரு. ஆராய்ச்சின்னாரு. பத்திரமாப் பாத்துக்கிடுவேன்னாரு. நம்பி ஒண்ணக் குடுத்தேன். ரெண்டு மாசம் கழிச்சுப் போயிப் பாத்தா, வரவேற்பறையில சன்னல் ஓரமா வச்சிருக்காரு, வந்தவங்களுக்குக் காட்டுததுக்கு. எரிஞ்ச காயிதம் மாதிரி இருந்துதுவே. தொட்டேன், பொடிஞ்சிட்டு. அவரு காப்பி சாப்பிடுதீங்களான்னு கேக்காரு."

முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொண்டார். திரும்பியபோது பழைய ஆளாக இருந்தார். போர்வைக்குள்ளிருந்து இரண்டு சாவிகளை எடுத்தார், ஒன்று முன் கதவுக்கு, இன்னொன்று குளியலறைக்கு.

"உம்ம ஒருத்தரத்தான் நம்புதேன். அந்தப் பொல்டு கண்ணு சரியில்ல. வேலைக்காரி மினோதி இருக்காளே, அவளும் அவனும் கூட்டு. ரெண்டு பேரையும் அண்ட விடாதேயும். காலையில ஏழு மணிக்கு மழத்தண்ணி பன்னெண்டு பீச்சு. டார்ச்சு மட்டுந்தான் அடிக்கணும், லைட்டு போடக் கூடாது. அது மேல மூச்சு விடக் கூடாது. வெளிய வரும்போது கதவு இடுக்குல ஒரு முடிய ஒட்டி வச்சிரும், எவனாவது தொறந்தாத் தெரியும்." என் தலையை ஏற இறங்கப் பார்த்தார். "உம்மகிட்ட கெடைக்காது. வீட்டம்மாகிட்ட கேளும்."

மறுநாள் காலை ஏழு மணிக்கு, வசந்தாவின் தலைமுடி ஒன்றைப் பர்ஸில் வைத்துக்கொண்டு, ஊரே சந்தேகப்பட்ட அந்தக் குளியலறைக்குள் நுழைந்தேன். குகைக்குள் போனது போலச் சில்லென்று இருந்தது. சுவரோரம் ஈரப் பானைகள், மூலையில் ஐஸ் வாளி, அதற்குப் பின்னால் சின்ன மின்விசிறி. நடுவில் ஒரு பழைய மீன் தொட்டி. அதற்குள் ரொட்டிப் பொட்டலம் அளவுக்கு ஒரு கறுப்புக் கல். கல்லின் மேல், தண்ணீரில் போட்டு மறந்துபோன கொத்தமல்லி மாதிரி ஏதோ ஒட்டிக்கொண்டிருந்தது.

இதற்கா? இதற்காகவா ஒரு மனிதர் ஆறு வருடமாகக் குழாயடியில் குளித்தார்?

ஏமாற்றத்தோடு டார்ச்சைக் கொஞ்சம் சாய்த்தேன். வெளிச்சம் இலைக்குப் பின்னாலிருந்து வந்தது. அப்போதுதான் பார்த்தேன். இலைக்கு அந்தப் பக்கம் இருந்த என் விரல் தெரிந்தது. பச்சை நிறத்தில் தண்ணீரை இஸ்திரி போட்டு விரித்தது போல இருந்தது. நடுவில் மயிரிழை மாதிரி நரம்புகள். ஒவ்வொரு நுனியிலும் ஒரு சொட்டு நடுங்கிக்கொண்டிருந்தது. மூச்சு விடக் கூடாது என்று அவர் சொல்லியிருந்தார். சொல்லாமல் இருந்திருந்தாலும் விட்டிருக்க மாட்டேன்.

வெளியே வந்ததும் பொல்டு-தா எதிரே நின்றார்.

"உள்ள என்ன தாதா?"

"பழைய ரயில்வே ஃபைல்தான்" என்றேன்.

"அச்சா" என்றார், அவ்வளவுதான். நோட்டை எடுக்கவில்லை, இரண்டாவது கேள்வி கேட்கவில்லை. பொல்டு-தா துருவிக் கேட்டிருந்தால் நிம்மதியாக ஆபீஸ் போயிருப்பேன். கேட்காததுதான் என்னைக் குடைந்தது.

மறுநாள் காலை பார்த்தால், முடி அறுந்திருந்தது. உள்ளே வாளியில் புது ஐஸ். சன்னல் சாக்கு அப்போதுதான் நனைத்துப் போட்டது போலச் சொட்டியது. இலைகளை எண்ணினேன், குறையவில்லை. ஆனால் யாரோ வந்து போகிறார்கள். இன்று நோட்டம் பார்ப்பவன் நாளைக்குக் கல்லைத் தூக்க மாட்டான் என்று என்ன நிச்சயம்?

அந்த நான்கு நாட்களில் நான் வேறு ஆளாகிவிட்டேன். படிக்கட்டில் போகிறவர் வருகிறவர் பைகளையெல்லாம் முறைத்துப் பார்த்தேன். மினோதியை எல்லோரும் மாஷி, அதாவது சித்தி, என்றுதான் கூப்பிடுவோம்; எங்கள் வீட்டிலும் பாத்திரம் தேய்ப்பவர். அவர் "தாதாபாபு, உடம்பு சரியில்லையா?" என்று கேட்டபோது, "ஏன் கேக்கறீங்க?" என்றேன். வசந்தா என்னைத் தனியாக அழைத்துப் போய், "ஏங்க, நீங்களும் ஒரு ஈரத்துண்டு வாங்கித் தோள்ல போட்டுக்குங்க, சரியா இருக்கும்" என்றாள்.

ஐந்தாம் நாள் அரை நாள் லீவு போட்டுவிட்டு, உச்சி வெயிலில் குளியலறைக்குள் புகுந்து கதவுக்குப் பின்னால் ஒளிந்துகொண்டேன். கால் மணி நேரம் போனது. பூட்டில் சாவி திரும்பும் சத்தம். மூச்சைப் பிடித்தேன். கதவு திறந்தது.

மினோதி மாஷி, கையில் நனைந்த சாக்கோடு!

"திருடி!" என்று நான் வெளியே பாய்ந்தேன்.

"திருடன்!" என்று மாஷி அலறிக்கொண்டே ஈரச் சாக்கால் என் முகத்தில் ஓங்கி ஒன்று வைத்தார். அந்தச் சாக்கு ஐந்து கிலோ இருக்கும். எனக்குக் கண் இருட்டிக்கொண்டு வந்த அதே நேரத்தில், வாசலில் இன்னொரு குரல் முழங்கியது.

"ரெண்டு பேரையும் கையும் களவுமா பிடிச்சுட்டேன்!"

பொல்டு-தா. ஒரு கையில் டார்ச், இன்னொரு கையில் ஐஸ் பை.

ஆறடிக்கு ஐந்தடி குளியலறையில் நாங்கள் மூன்று பேர், மூன்று பேரும் ஒரே நேரத்தில் கத்தினோம். "உனக்கு எப்படிச் சாவி வந்தது?" என்று ஒவ்வொருவரும் மற்ற இருவரையும் கேட்டோம். மாஷி முந்தானை முடிச்சை அவிழ்த்துக் காட்டினார். பொல்டு-தா பூணூலில் கோத்திருந்ததைக் காட்டினார். நான் பர்ஸைத் திறந்தேன். மூன்றும் ஒரே அச்சு.

"என்னைத் தவிர யாரையும் நம்பலைன்னாரு காக்கு" என்றார் மாஷி. அவருக்கு ஈரத்துணி காக்கு, சித்தப்பா முறை.

"என்னை மட்டும்தான் நம்பறதா கையைப் பிடிச்சுக்கிட்டுச் சொன்னார்" என்றார் பொல்டு-தா. குரல் கொஞ்சம் உடைந்திருந்தது. "உங்களைப் பத்திச் சொன்னார் தாதா. செருப்பு சத்தம் போடாத ஆளு, ஜாக்கிரதைன்னார்."

மாஷிதான் முதலில் சுதாரித்தார். "ஐயோ, மூச்சு! மூணு பேர் மூச்சு விடறோம் அது மேல!" என்றார். உடனே மூவரும் கன்னத்தை உப்பிக்கொண்டு, நுனிக்காலில், வரிசையாக வெளியேறினோம்.

கூடத்தில் உட்கார்ந்து ஒப்பிட்டுப் பார்த்தபோது எல்லாம் தெளிவாயிற்று. காலையில் தண்ணீர் பீச்சுவது என் வேலை. நடுப்பகலில் சாக்கு நனைப்பது மாஷி. மாலையில் ஐஸ் பொல்டு-தா. அன்றைக்கு அவரும் என்னைப் போலவே திருடனைப் பிடிக்கத்தான் முன்னதாக வந்திருந்தார். மழைத்தண்ணீர் யார் வேலை, ஐஸ் யார் வேலை என்று ஒருவருக்கும் தெரியாது. மற்ற இருவரையும் கண்காணிப்பது மட்டும் மூவருக்கும் பொதுவான வேலை. உலகத்தில் யாரையும் நம்பாத மனிதர், சத்தமில்லாமல் மூன்று பேரை நம்பியிருந்தார்.

எங்களுக்குத் தெரிந்துவிட்டது என்று அவரிடம் சொல்லக் கூடாதென்று முடிவு செய்தோம். ஆஸ்பத்திரியில் ஒவ்வொருவரும் தனித்தனியாகப் போய் மற்றவர்களைப் பற்றிக் கோள் சொன்னோம். "பொல்டு அந்தப் பக்கம் வந்தானா?" என்பார். "எட்டிப் பார்த்தார் சார், முறைச்சேன், போயிட்டார்" என்பேன். அவருக்கு முகம் தெளியும். வலி மாத்திரையைவிட அது நன்றாக வேலை செய்தது.

ஒன்பதாம் நாள் மின்மாற்றி வெடித்தது. காலை பத்து மணிக்குப் போன மின்சாரம் வரவில்லை. விசிறி நின்றது, ஐஸ் வாளி ஒரு மணி நேரத்தில் வெந்நீரானது. மாஷி எனக்கு ஆபீசுக்குப் போன் செய்தார். அழுதுகொண்டே பேசியதால் முதலில் ஒன்றும் புரியவில்லை. ஓரத்து இலைகள் சுருள ஆரம்பித்துவிட்டனவாம்.

நான் வந்து சேர்ந்தபோது மாஷி பனையோலை விசிறியால் வீசிக்கொண்டிருந்தார். வீசி வீசி மணிக்கட்டு வீங்கியிருந்தது. நான் வாங்கிக்கொண்டேன். பொல்டு-தா மீன் மார்க்கெட்டுக்கும் வீட்டுக்குமாக ரிக்ஷாவில் ஐஸ் ஏற்றிக்கொண்டிருந்தார். அதுவும் போதாது என்று தெரிந்ததும், குடியிருப்பின் தண்ணீர் பம்புக்காக இருந்த ஜெனரேட்டரிலிருந்து கீழ்த்தளக் குளியலறைக்கு ஒயரை இழுக்கச் சொல்லிவிட்டார்.

அவ்வளவுதான், நான்கு மாடியும் கீழே இறங்கி வந்துவிட்டது. மேலே குடிக்கத் தண்ணீர் இல்லை, இங்கே பூட்டிய குளியலறைக்கு மின்சாரமா? ஐஸ் மூட்டைகளையும், வியர்த்து வழியும் எங்கள் மூவரையும் பார்த்துவிட்டு மூன்றாம் மாடி அம்மாள், "இவங்களும் உடந்தையா!" என்றார்.

அன்றைக்கு மட்டும் பொல்டு-தா ஒரு வார்த்தை சொல்லியிருந்தால் போதும், பெரிய மனிதராகியிருப்பார். வாழ்நாளில் அவர் கண்டுபிடித்த ஒரே மர்மம் அது. எல்லோரையும் ஒரு சுற்றுப் பார்த்தார். நெஞ்சை நிமிர்த்திக்கொண்டார்.

"கமிட்டி ரகசியம்" என்றார். "என்னைச் செயலாளர் பதவியிலிருந்து தூக்கணும்னா தூக்கிக்குங்க. ஒயரைத் தொடாதீங்க."

சாயங்காலம் கால்போய்ஷாகி வந்தது. கோடையில் இங்கே திடீரென்று அடிக்கும் புயல் மழையைத்தான் அப்படிச் சொல்வார்கள். நாங்கள் மூவரும் மொட்டை மாடிக்கு ஓடிப் பதினான்கு வாளிகளையும் நிமிர்த்தி வைத்தோம். கீழே வந்து பீச்சினோம். சுருண்டிருந்த எட்டு இலைகளில் ஏழு முதலில் விரியவே இல்லை. எட்டாவது மெல்ல விரிந்தது. பிறகு அந்த ஏழில் ஐந்து.

பன்னிரண்டாம் நாள் ஈரத்துணி வாக்கர் ஊன்றிக்கொண்டு வீடு வந்தார். எங்களைக் கூடத்தில் நிற்க வைத்துவிட்டு உள்ளே போய்க் கதவைச் சாத்திக்கொண்டார். கால் மணி நேரம் ஆயிற்று. மாஷி காளியைக் கூப்பிட்டுக்கொண்டிருந்தார். பிறகு உள்ளேயிருந்து, "வாரும்வே இங்க!" என்று ஒரு கூப்பாடு.

"நாப்பத்தியொரு இலை வச்சிட்டுப் போனேன்."

"ரெண்டு போயிடுச்சு சார். கரண்ட் போன அன்னிக்கு... என்னால..."

"அது தெரியுது. போனது ரெண்டு. ஆனா மொத்தம் நாப்பத்திரெண்டு இருக்கு. அப்ப மூணு கூடுதலாருக்கு." கண்ணைச் சுருக்கி என்னைப் பார்த்தார். "யாரு வச்சது?"

"அதுவா வந்திருக்கும் சார்."

"ஆறு வருசமா எங்கிட்ட வருசத்துக்கு ஒண்ணுதான் விட்டுது. பன்னெண்டு நாள்ல மூணா? உள்ள என்னவே செஞ்சிய மூணு பேரும்?"

மூணு பேரும் என்றார். சொன்ன பிறகுதான் அவருக்கே உறைத்தது. எங்களுக்கும் உறைத்தது. யாரும் யாரையும் பார்க்கவில்லை. ஈரத்துண்டை எடுத்து முகத்தைத் துடைத்துக்கொண்டார். ரொம்ப நேரம் துடைத்தார்.

"மழத்தண்ணி தெறிச்சிட்டு" என்றார்.

சாவிகளை அவர் திருப்பிக் கேட்கவில்லை.

அடுத்த குளிர்காலத்தில் மகள் வந்து அவரைத் தன்னோடு அழைத்துப் போனாள். அவள் வீட்டுக்குப் பின்னால் மலைச்சரிவில் ஓர் ஓடை இருக்கிறதாம், வெயில் படாத பாறைகள் இருக்கின்றனவாம். செடி மடியில்தான் போயிற்று. ரயிலேறும்போது பொல்டு-தா குழந்தை மாதிரி அழுதார். "எதுக்கு அழுதான்? என்னத்தையோ மறைக்கான்" என்று என் காதில் சொல்லிவிட்டுத்தான் ஈரத்துணி ஏறினார்.

அதன் பிறகு ஒவ்வொரு ஞாயிற்றுக்கிழமை காலையும் போன் வரும். நலமா என்றெல்லாம் கேட்க மாட்டார். "யாருகிட்டயாவது சொன்னீரா?" என்பார். இல்லை சார் என்பேன். "நம்ப முடியலையே" என்று வைத்துவிடுவார். நான் கூப்பிட்டால் எடுக்க மாட்டார், யார் என்ன என்று தெரியாமல் எப்படி எடுப்பதாம். மகளின் நம்பரைக் கேட்டதற்கு, எதற்கு என்றார்.

நான்கு ஞாயிறாகப் போன் வரவில்லை.

நானும் பொல்டு-தாவும் மாஷியும் அதைப் பற்றிப் பேசிக்கொள்வதில்லை. ஆனால் இந்தப் பத்திரிகையை அவர் எழுத்தெண்ணிப் படிப்பார் என்று எனக்குத் தெரியும், விளம்பரம் உட்பட. அதனால்தான், கொடுத்த வாக்கை மீறி, எல்லாவற்றையும் ஊரறிய எழுதிவிட்டேன். கோபம் வரட்டும் சார். நன்றாக வரட்டும். இந்த ஞாயிற்றுக்கிழமை காலை நான் எங்கேயும் போகப் போவதில்லை. போன் பக்கத்திலேயே இருப்பேன்.